முதலாளியின் தொப்பை

உடம்பைப் பற்றி டாக்டரிடம் பொய் சொல்லலாம், கட்டிய பெண்டாட்டியிடம் பொய் சொல்லலாம். இஞ்ச் டேப்பிடம் சொல்ல முடியாது. முதலாளிக்கு நான் ஒரு காலத்தில் கட்டிய பெண்டாட்டியாக இருந்தவள். அந்த நாட்களில் அவர் சொல்லாத பொய் இல்லை. விவாகரத்துக்குப் பிறகு டேப்போடு மட்டும்தான் அவர் பக்கத்தில் போகிறேன் என்பதால் எங்களுக்குள் ஓரளவு உண்மை நிலவியது.

நாடகத்துக்கும் சினிமாவுக்கும் உடை வடிவமைப்பது என் வேலை. அவர் நடிகர். கதாநாயகன் இல்லை, வில்லனும் இல்லை. மில் சொந்தக்காரர், வட்டிக்குக் கொடுப்பவர், பெண்ணின் பணக்கார அப்பா, இப்படி வயிற்றைத் தள்ளிக்கொண்டு வந்து நாற்காலியில் உட்கார்ந்து மற்றவர்களை மிரட்டுகிற வேஷங்கள். அதனால் ஊரே அவரை முதலாளி என்றுதான் கூப்பிடும். நிஜத்தில் சொந்தமாக ஒரு சைக்கிள்கூடக் கிடையாது. அந்தத் தொப்பைதான் மனிதரின் ஒரே சொத்து. ஆள் பாதி ஆடை பாதி என்பார்கள். இவருக்கு ஆடையில் நான் பாதி, ஆளில் தொப்பை பாதி, மிச்சம் என்ன இருந்தது என்று பத்து வருஷம் குடித்தனம் நடத்தியும் எனக்குத் தெரியவில்லை.

பழைய நாடகம் ஒன்றை மறுபடி மேடையேற்றுகிறோம் என்று அரங்கத்தின் பின்னால் இருந்த உடை அறையில் டிரையல் வைத்திருந்தேன். முதலாளியின் கறுப்புக் கோட்டை எடுத்து மாட்டி, பட்டனைப் போட்டேன். பட்டன் சிரமமில்லாமல் போட்டுக்கொண்டது. அதுவே தப்பு. அந்தக் கோட்டுக்குப் பட்டன் போட அவர் மூச்சை இழுத்துப் பிடிக்க வேண்டும், நான் முட்டியால் முதுகில் ஒரு தள்ளு தள்ள வேண்டும். முன்பக்கம் கையை விட்டுப் பார்த்தேன். முழங்கை வரை உள்ளே போனது.

"என்ன இது?"

"டயட்."

"ஷூட்டிங்ல பக்கத்து ஆள் தட்டுல இருக்கற பிஸ்கட்டைக்கூட விடாத மனுஷன், டயட்டா?"

"மனுஷன் திருந்தவே கூடாதா, டிசைனரம்மா?"

சட்டையைக் கழற்றச் சொன்னேன். மாட்டேன் என்றார். என்னிடம் வெட்கப்படுகிற நிலைமையெல்லாம் எங்களுக்குள் எப்போதோ தாண்டிப் போன விஷயம், ஆனாலும் காலரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றார். நானே கழற்றினேன். தோள்பட்டை எலும்பு இரண்டும் ஹேங்கர் மாதிரி நீட்டிக்கொண்டிருந்தன. வயிறு இருந்த இடத்தில் தோல் மட்டும் மடிந்து தொங்கியது. அந்த உடம்பை எனக்கு அடையாளமே தெரியவில்லை.

கட்டி என்றார். வயிற்றில். அறுக்கிற நிலைமையைத் தாண்டிவிட்டதாம்.

"யார் சொன்னது?"

"ரெண்டு டாக்டர் சொல்லியாச்சு. மூணாவது ஆளைப் பார்க்க எனக்குத் தெம்பு இல்ல."

அழுகை வரவில்லை எனக்கு. கோபம்தான் வந்தது. இந்த மனிதர் எதையுமே சொல்லாமல் கொள்ளாமல்தான் செய்வார். வீட்டை விட்டுப் போனதும் அப்படித்தான். கூட நடித்த ஒருத்தியோடு வெளியூர் நாடகத்துக்குப் போனவர், திரும்பி வந்தது வேறு வீட்டுக்கு. அவளும் கொஞ்ச நாளில் இவரை விட்டுவிட்டாள் என்பது வேறு கதை. அப்போது எங்கள் மகளுக்கு விவரம் தெரிகிற வயது. அப்பா எங்கே என்று அவள் ஒருநாளும் கேட்டதில்லை. கேட்காமலிருந்ததுதான் என்னை அதிகம் பயமுறுத்தியது.

"பாப்பாவுக்குத் தெரியக்கூடாது," என்றார்.

வளர்ந்து என்னைவிட உயரமாகிவிட்டாலும் எங்கள் இருவருக்கும் அவள் பாப்பாதான். படித்துவிட்டு ஒரு ஆராய்ச்சிக் கூடத்தில் உதவியாளராக இருந்தாள். கடல் கடந்த தூரத்தில் பெரிய இடம் ஒன்றில் ஆராய்ச்சிக்கு எடுத்திருந்தார்கள். கிளம்ப அதிக நாள் இல்லை. பெட்டி வாங்கி, குளிருக்குக் கோட்டு நானே தைத்து முடித்திருந்தேன்.

"தெரியக்கூடாதுன்னா? அவ உங்க பொண்ணு."

"அதான் சொல்றேன். தெரிஞ்சா போவாளா?"

போகமாட்டாள். அதில் எனக்கும் சந்தேகமில்லை. ஏனென்றால் ஒரு தடவை போகாமல் இருந்திருக்கிறாள். முன்பு இதே மாதிரி ஓர் இடம் கிடைத்தபோதுதான் நான் உடைக் கிடங்கில் ஏணியிலிருந்து விழுந்து முதுகெலும்பை முறித்துக்கொண்டேன். அவள் வர இயலாது என்று எழுதிப் போட்டுவிட்டு வீட்டில் இருந்து என்னைத் தூக்கி உட்காரவைத்து, குளிப்பாட்டி, நடக்கப் பழக்கினாள். போகாமல் நிற்கச் சொல்லி நான் கேட்கவில்லை. போ என்றும் சொல்லவில்லை. நான் எழுந்து நடந்தபோது அந்த இடத்துக்கு வேறு யாரோ போயிருந்தார்கள். அதைப் பற்றி அவள் ஒரு வார்த்தை பேசியதில்லை. நான் ஏணியைப் பார்க்கும்போதெல்லாம் அதை நினைத்துக்கொள்வேன்.

"உனக்காக ஒரு தடவை நின்னா," என்றார் முதலாளி. "வளர்த்தவ நீ, நின்னா நியாயம். விட்டுட்டு ஓடினவனுக்காகவும் நிக்கணுமா? அவ பிளேன் ஏறட்டும். அப்புறம் சொல்லிக்கலாம்."

அவர் வாழ்க்கையில் நியாயமாகப் பேசிய நேரங்களை ஒரு கை விரலில் அடக்கிவிடலாம். அதில் இது ஒன்று. சரி என்றேன்.

மேடைக்கு ஒன்றும் கஷ்டமில்லை. ஒல்லியைக் குண்டாக்குவது எங்கள் தொழிலில் அரிச்சுவடி. ஸ்பான்ச்சை வெட்டி, பனியன் துணியில் உறை தைத்து, தோளில் மாட்டிக் கட்டிவிட்டால் முதல் வரிசைக்காரனுக்குக்கூடத் தெரியாது. நாடகம் நடந்தது, முதலாளி மிரட்டினார், ஜனம் கைதட்டியது. மேக்கப்காரர் மட்டும் "முகம் கொஞ்சம் வத்திப்போச்சே" என்றார். பல்லு எடுத்தாச்சு என்று ஒரு போடு போட்டார் இவர்.

ஆனால் பாப்பா நாடகம் பார்க்க வருகிறவள் இல்லை. அப்பா கத்துவதைக் காசு கொடுத்து வேறு கேட்கணுமா என்பாள். அவர் தனியே ஒரு மாடி அறையில் வாடகைக்கு இருந்தார். எப்போதாவது போய்ப் பார்த்துவிட்டு வருவாள். இந்த நாட்களில் கிளம்புகிற வேலையில் அலைச்சல், அதனால் போனோடு சரி. இவரும் ஷூட்டிங், ஷூட்டிங் என்று நழுவிக்கொண்டிருந்தார். ஆனால் கிளம்புகிற அன்று பெற்ற அப்பன் வராமல் இருக்க முடியுமா? வீட்டுக்கு வரவேண்டும், கூட உட்கார்ந்து சாப்பிட வேண்டும், வழியனுப்ப வரவேண்டும். மேடைக்கும் இருட்டில் உட்கார்ந்திருக்கிற ஜனத்துக்கும் இடையில் இருக்கிற தூரம் அங்கே கிடையாது. கேமராவாவது பார்க்க மட்டும்தான் செய்யும். மகள் தொடுவாள்.

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிறவர்களைப் பார்த்திருக்கிறேன். இல்லாத பூசணிக்காயை இருப்பதாகக் காட்ட வேண்டிய பாடு எனக்கு.

முதலில் ஒரு கேள்வி கேட்டேன். "பாப்பா உங்களைக் கடைசியா எப்போ பார்த்தா?"

சினிமாவில் நான் முதலில் கேட்கிற கேள்வி அதுதான். அங்கே காட்சிகளை வரிசையாக எடுக்கமாட்டார்கள். வாசலில் அடிபட்டு விழுவதை இன்று எடுத்தால், எழுந்து வீட்டுக்குள் போவதை அடுத்த மாதம் வேறொரு ஊரில் எடுப்பார்கள். வாசலில் எந்தப் பட்டன் அறுந்திருந்ததோ, உள்ளே போகும்போதும் அதே பட்டன் அறுந்திருக்க வேண்டும். அதற்காக ஒவ்வொரு காட்சி முடிந்ததும் போட்டோ எடுத்து வைத்துக்கொள்வோம். கன்டினியூட்டி என்போம். என் படங்களில் அதில் பிழை கண்டுபிடித்தவன் கிடையாது என்கிற திமிர் எனக்கு உண்டு.

"நாடகக் குழுவோட விழா அன்னிக்குத்தான். நீகூட இருந்தியே, சேர்ந்து போட்டோ எடுத்துக்கிட்டமே," என்றார்.

அந்தப் போட்டோவைத் தேடி எடுத்தேன். பாப்பா நடுவில், நாங்கள் இரண்டு பக்கமும். முதலாளி வெள்ளைச் சட்டையில் பட்டன் தெறிக்கிற மாதிரி நின்றார். அதைப் பெரிதாக்கி என் பட்டறையில் கட்டிங் மேசைக்கு மேலே சுவரில் ஒட்டினேன். தையல் மாஸ்டர் என்னம்மா புதுப் படமா என்றார். ஆமாம் என்றேன்.

ஸ்பான்ச் மட்டும் போட்டால் வயிறு மாதிரி தெரியும், வயிறு மாதிரி நடந்துகொள்ளாது. நிஜத் தொப்பைக்குக் கனம் உண்டு. உட்கார்ந்தால் மடியில் வந்து இறங்கும், எழுந்தால் கொஞ்சம் தாமதமாகக் கூட எழும். அதனால் மேலே பஞ்சு, நடுவில் ஸ்பான்ச், அடிவயிற்றில் சின்னச் சின்னப் பைகளில் பிளாஸ்டிக் மணிகளை நிரப்பித் தைத்தேன். முதுகுக்கும் மார்புக்கும் மெல்லிய அடுக்கு. மேல்கைக்கு ஒரு சுற்று. எல்லாம் ஒரே உள்பனியனாக, முன்னால் கொக்கி வைத்து.

ஆளைக் காட்டிக்கொடுப்பது வயிறு இல்லை, கழுத்து. மெலிந்தவன் பழைய சட்டையைப் போட்டால் காலருக்கும் கழுத்துக்கும் நடுவில் சந்து விழும். அதைப் பார்த்துத்தான் உறவுக்காரர்கள் "என்ன இளைச்சுட்டே" என்பார்கள். பழைய வெள்ளைச் சட்டையைப் பிரித்து, காலரை மட்டும் இப்போதைய கழுத்துக்குச் சின்னதாக வெட்டித் தைத்தேன். கைக்கடிகார வாருக்குப் புது ஓட்டை போட்டு, பழைய ஓட்டையில் வழக்கமாக விழும் கீறலை நகத்தால் புது இடத்துக்கு மாற்றினேன். மோதிரத்தின் உள்பக்கம் நூல் சுற்றினேன். முகத்துக்கு நான் என்ன செய்ய முடியும்? தாடி விடச் சொன்னேன்.

மெனக்கெட்டுச் செய்தேன். விருது வாங்கிய படங்களுக்குக்கூட அவ்வளவு மெனக்கெடவில்லை. ஒருவேளை கைகள் வேலையாக இருந்தால் மனசு சும்மா கிடக்கும் என்பதற்காக இருக்கலாம். விடிந்ததும் எழுந்து அதைத்தான் பார்ப்பேன். ஸ்பான்ச்சின் விளிம்பைக் கத்தரியால் கொஞ்சம் கொஞ்சமாகச் சரித்துச் சரித்து, தடவிப் பார்த்தால் எங்கே உடம்பு முடிகிறது எங்கே பொய் ஆரம்பிக்கிறது என்று தெரியாதபடி செய்தேன்.

போட்டு நிறுத்திய அன்று மாஸ்டரை வெளியே அனுப்பிவிட்டேன். முதலாளி ஆளுயரக் கண்ணாடிக்கு முன் நின்று பார்த்தார். பக்கவாட்டில் திரும்பினார். வழக்கம்போல் வயிற்றின் மேல் கையைக் கட்டிக்கொண்டார். அந்தக் கை தானாகப் போய் பழைய இடத்தில் உட்கார்ந்தது.

"நல்லாத்தானே இருக்கேன்?" என்றார்.

"நல்லாத்தான் இருக்கீங்க."

"இப்படியே இருந்துட்டா என்னம்மா?"

நான் திரும்பிக்கொண்டு மேசையில் சிந்தியிருந்த மணிகளைப் பொறுக்க ஆரம்பித்தேன். கழற்றச் சொன்னபோது இன்னும் கொஞ்ச நேரம் என்றார். உள்ளே வியர்த்து ஊற்றியிருக்கும், மூச்சு வாங்கியது, ஆனாலும் நாற்காலியில் உட்கார்ந்து அந்த வயிற்றை மடியில் வைத்துக்கொண்டு பழைய நாடக வசனம் ஒன்றைச் சொல்லிக்கொண்டிருந்தார். இந்த மனிதரை வெறுப்பதற்கு எனக்கு எத்தனையோ காரணம் உண்டு. அன்றைக்கு ஒன்றுகூட கைக்குக் கிடைக்கவில்லை.

கிளம்புகிற அன்று நடுப்பகலில் வீட்டுக்கு வந்தார். பாப்பாதான் கதவைத் திறந்தாள். நான் சமையலறை வாசலில் நின்று என் வேலையைப் பார்க்கிற கண்ணோடு அவரைப் பார்த்தேன். ஒரு குறை சொல்ல முடியாது. தாழ்ப்பாளில் கையை வைத்தபடியே பாப்பா அவரை மேலிருந்து கீழ்வரை பார்த்தாள்.

"வாங்கப்பா," என்றாள். கொஞ்சம் பொறுத்து, "நல்லா இருக்கீங்க," என்றாள்.

முதலாளியின் முகம் விளக்குப் போட்ட மாதிரி ஆயிற்று. "உங்கம்மா சமையல்லேர்ந்து தப்பிச்சவன் இல்லியா, உடம்பு தேறத்தானே செய்யும்," என்றார். பாப்பா சிரித்தாள். நான் பதிலுக்கு ஒன்று சொன்னேன். ரொம்ப வருஷங்களுக்குப் பிறகு அந்த வீட்டில் மூன்று பேர் சிரித்தோம்.

சாப்பாடுதான் ஆபத்து என்று நினைத்திருந்தேன். அவரால் நாலு வாய்க்கு மேல் முடியாது. ஷூட்டிங்கில் சாப்பிட்டுவிட்டேன் என்று சொல்லச் சொல்லியிருந்தேன். அதற்கு வேலையே வரவில்லை. பாப்பாவே அவர் தட்டில் கொஞ்சமாகப் போட்டாள். இன்னொரு கரண்டி என்று வற்புறுத்தவும் இல்லை. எழுந்து போய் மின்விசிறியை அவர் பக்கம் திருப்பி வைத்துவிட்டு வந்தாள். ஊருக்குப் போகிற பெண், மனசு வேறெங்கோ இருக்கிறது, நல்லதாகப் போயிற்று என்று நினைத்துக்கொண்டேன்.

விமான நிலையத்தில் உள்ளே போகிற வாசலில் என்னைக் கட்டிக்கொண்டாள். முறிந்து சேர்ந்த முதுகு வலிக்கிற அளவுக்கு இறுக்கினாள். பிறகு அப்பாவிடம் போனாள். அவர் இரண்டு கையையும் விரித்துக்கொண்டு காத்திருந்தார். அவள் ஒரு அடி தள்ளியே நின்று, முன்னால் சாய்ந்து, காயாத பெயின்ட் அடித்த சுவரின் மேல் சாய்கிறவள் மாதிரி, விரல் நுனிகளை மட்டும் அவர் தோளில் வைத்து எடுத்தாள். கன்னத்தோடு கன்னம் பட்டதோ படவில்லையோ. "உடம்பைப் பார்த்துக்குங்கப்பா" என்று சொல்லிவிட்டு பெட்டியை இழுத்துக்கொண்டு போனாள். திரும்பிப் பார்க்கவில்லை.

எனக்கு அப்பாடா என்றிருந்தது. கொக்கியிலோ ஸ்பான்ச்சிலோ கை படவில்லை. நினைத்த காரியம் முடிந்தது.

டாக்ஸியில் முதலாளி தோளைத் தடவிக்கொண்டே வந்தார். பிறகு, "பார்த்தியா?" என்றார்.

"எதை?"

"பட்டும் படாம கட்டிக்கிட்டாளே. ஏதோ தெரிஞ்சவங்க வீட்டு மாமாவை மாதிரி."

"அத்தனை கூட்டத்துல வெக்கப்பட்டிருப்பா."

"உன்னைக் கட்டிக்கிறப்போ அந்த வெக்கம் எங்க போச்சு?"

நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். விட்டுவிட்டுப் போன அப்பனை மகள் இன்னும் மன்னிக்கவில்லை என்றுதான் நானும் நினைத்தேன். அதில் எனக்கு எங்கோ ஓரத்தில் கொஞ்சம் இனித்தது என்பதும் உண்மை. வளர்த்தவளுக்கு இறுக்கம், ஓடினவனுக்கு விரல் நுனி. கணக்கு சரிதானே என்று தோன்றியது.

பட்டறைக்கு வந்து பனியனைக் கழற்றினபோது தோலெல்லாம் வியர்க்குருவும் சிவப்புமாக இருந்தது. ஈரத்துணியால் துடைத்துவிட்டேன். பனியனை நானே எடுத்துட்டுப் போறேன் என்று பையில் போட்டுக்கொண்டார். எதற்கு என்று நான் கேட்கவில்லை.

அதற்குப் பிறகு வேகமாக இறங்கினார். நாடகத்தில் வேறு ஆளைப் போட்டார்கள். புதுசாக வந்தவர் ஒட்டடைக்குச்சி, அவருக்கு மேடை ஸ்பான்ச்சையே மாட்டி அனுப்பினேன். முதலாளி என்று அவரையும் கூப்பிட ஆரம்பித்துவிட்டார்கள். நிஜ முதலாளி ஆஸ்பத்திரி வார்டில் ஜன்னலோரக் கட்டிலில் படுத்திருந்தார். நான் வேலைக்கு நடுவில் ஓடி ஓடிப் போய்ப் பார்த்துவிட்டு வருவேன். எந்த உறவில் இவர் உங்களுக்கு என்று நர்ஸ் கேட்டபோது, ஒரே கம்பெனி என்றேன்.

பாப்பா போன் செய்வாள். முகத்தைக் காட்டாமல் பேச நெட்வொர்க் சரியில்லை என்று ஒரு சாக்கு வைத்திருந்தார். பேசுவதற்கு முன் தண்ணீர் குடித்து, கனைத்து, குரலை வயிற்றிலிருந்து எடுக்கப் பார்ப்பார். "குரலுக்கு ஒரு ஸ்பான்ச் வெச்சுத் தர முடியாதா, டிசைனரம்மா?" என்றார் ஒருநாள். பேசி முடித்ததும் அப்படியே சாய்ந்துவிடுவார். சொல்லிவிடலாம் என்பேன். அடுத்த வாரம் என்பார். அடுத்த வாரம் கேட்டால் அதற்கடுத்த வாரம். நாயும் பூனையுமாகச் சண்டை போட்டுக்கொண்டிருந்தோம், மெல்லிய குரலில், பக்கத்துக் கட்டில்காரருக்குக் கேட்காமல்.

என்னிடம் பாப்பா ஒரே கேள்விதான் கேட்பாள். "அப்பா எப்படி இருக்கார்?"

"அப்படியேதான் இருக்கார்."

சரிம்மா என்று வைத்துவிடுவாள்.

முதலாளிக்கு வலியைவிட அந்த விமான நிலையம்தான் பெரிதாக இருந்தது. மருந்தில் மயங்கிக் கிடப்பார், கண்ணைத் திறந்தால் அதைத்தான் பேசுவார். தோளைத் தொட்டுக் காட்டுவார். "இங்க. இங்க மட்டும்தான் தொட்டா." ஒருநாள் கேட்டார், "அவ என்னை மன்னிக்கல, இல்ல?"

"எல்லாம் மன்னிச்சாச்சு. தூங்குங்க."

"நீ சொல்றே. அவ சொல்லலியே."

அதுதான் அவர் என்னிடம் தெளிவாகப் பேசிய கடைசிப் பேச்சு. ஒரு காலை நேரத்தில், நான் வேறொரு படத்தின் டிரையலில் யாருக்கோ கை நீளம் அளந்துகொண்டிருந்தபோது ஆஸ்பத்திரியிலிருந்து கூப்பிட்டார்கள்.

பாப்பா வந்து சேர்ந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. அவள் அழுதாள், என்னைத் திட்டவில்லை. ஏன் சொல்லவில்லை என்று கேட்பாள், கத்துவாள் என்று தயாராக இருந்தேன். அதற்கான பதில்களை எல்லாம் வரிசையாக வைத்திருந்தேன். அவள் ஒன்றும் கேட்கவில்லை. அவர் அறையைக் காலி செய்து கொடுக்க வேண்டும், நானும் வரேன் என்று மட்டும் சொன்னாள்.

மாடியில் சின்ன அறை. ஒரு கட்டில், ஒரு நாற்காலி, சுவரில் வரிசையாக ஆணிகள். கதவுக்குப் பின்னால் இருந்த ஆணியில் நான் தைத்த உள்பனியன் தொங்கியது, தோளும் மார்பும் தொப்பையுமாக. ஓடிப் போய் எடுத்து மறைக்கலாமா என்றுகூட நினைத்தேன். அதற்குள் பாப்பா அதை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்தாள். அடிவயிற்று மணிகளைத் தடவினாள்.

"இதை எந்தப் போட்டோவைப் பார்த்து செஞ்சேம்மா? விழா போட்டோவா?"

ஆமாம் என்று தலையாட்டினேன்.

"விழாவுக்கு அப்புறம் ஒருநாள் மழையில நான் இங்க வந்தேன். என் சர்ட்டிபிகேட் ஒண்ணு அப்பாகிட்ட இருந்தது. அவர் பனியன்கூட இல்லாம படுத்திருந்தார். கதவைத் திறந்ததும் போர்வையை எடுத்து சுத்திக்கிட்டார். அதுக்குள்ள பார்த்துட்டேன். விலா எலும்பு எல்லாம். ஜுரம்மா, குளிருதுன்னார். உன்கிட்ட சொல்லலியா?"

சொல்லவில்லை. சொல்லியிருக்க மாட்டார். வேஷம் போடாமல் இருந்த நேரத்தை நடிகர்கள் ஒரு காட்சியாகவே கணக்கில் வைப்பதில்லை. கடைசியாக எப்போது பார்த்தாள் என்று கேட்டேன், போட்டோவுக்கு உடுத்தி நின்ற நாளைச் சொல்லிவிட்டார். நானும் போட்டோ கையில் கிடைத்ததே என்று கத்தரியை எடுத்துவிட்டேன். பாப்பாவை ஒரு வார்த்தை கேட்கத் தோன்றவில்லை. பாதி உடம்பாகப் பார்த்த அப்பா, கொஞ்ச நாளில் முழு உடம்போடு வாசலில் வந்து நின்றால் எந்த மகளுக்குப் புரியாது? ஒரு பட்டன்கூடப் பிசகாத கன்டினியூட்டிக்காரி நான்.

"அப்போ அன்னிக்கே உனக்குத் தெரியுமா?"

"கதவைத் திறந்தப்பவே."

"தெரிஞ்சுமா ஏறிப் போனே? ஏன்டி போனே?"

எனக்குக் குரல் உயர்ந்துவிட்டது. பாப்பா சத்தம் போடாமல்தான் பேசினாள்.

"நான் என்ன செய்யறது? அவர் அவ்வளவு சந்தோஷமா வந்து நிக்கறார். நீ சமையல்கட்டுலேர்ந்து அவரையே பார்த்துட்டு நிக்கறே. எனக்கு விவரம் தெரிஞ்சு நீங்க ரெண்டு பேரும் சேர்ந்து எனக்காக ஒரு வேலை செஞ்சது அதுதான். நடுவுல போய், போதும் கழட்டுங்கன்னு சொல்லச் சொல்றியா? தினமும் போன் பண்ணினேனேம்மா. யாராவது ஒருத்தர் வான்னு சொல்லுவீங்கன்னுதானே பண்ணினேன்."

நான் கட்டிலின் இன்னொரு முனையில் உட்கார்ந்தேன். அவள் போகவேண்டும் என்று நாங்கள் நடித்தோம். நாங்கள் நடிப்பது வீணாகக்கூடாது என்று அவள் போனாள். அவள் போவதை உள்ளுக்குள் எங்கள் மூன்று பேரில் ஒருவரும் விரும்பவில்லை.

கீழே தெருவில் யாரோ வண்டியைக் கிளப்ப முடியாமல் உதைத்துக்கொண்டே இருந்தார்கள்.

"அப்போ ஏர்போர்ட்டுல ஏன் அப்பாவை அப்படிக் கட்டிக்கிட்டே?" என்றேன். "ஒதுங்கி நின்னு, தொட்டும் தொடாம?"

"இறுக்கினா பஞ்சு அமுங்கும்மா. அமுங்கினா எனக்குத் தெரிஞ்சு போச்சுன்னு அவருக்குத் தெரிஞ்சுடும். அப்புறம் அந்த வாசல்ல அத்தனை பேர் முன்னாடி அவர் முகம் எப்படி ஆகும்?" பனியனை இப்போது இரண்டு கையாலும் மார்போடு அணைத்துப் பிடித்திருந்தாள். ஸ்பான்ச் நன்றாக அமுங்கியது. "அப்பாவுக்கு அது ஒண்ணும் வித்தியாசமா தெரியலியே? அதைப் பத்தி ஏதாவது சொன்னாரா?"

"ஒண்ணும் சொல்லல," என்றேன். "பாப்பா என்னை நல்லா இறுக்கிக் கட்டிக்கிட்டான்னு ஆஸ்பத்திரியில எல்லார்கிட்டயும் சொல்லிட்டு இருந்தார்."

அன்று வாசலில் அப்பாவைப் பார்த்த மாதிரி, அவள் என்னை மேலிருந்து கீழ்வரை பார்த்தாள்.

"சரிம்மா," என்றாள்.